‘கிரிம்ப்’ என்னும் வினையும் தோட்டத் தமிழும்

ஒரு வினைச்சொல்லின் பொருளை அறிய விரும்புவோர் முதலில் அகராதியைப் புரட்டுவர். அகராதி பொருளைத் தரும். ஆனால் அவ்வினையைச் செய்பவர் யார், அது யார்மீது செய்யப்படுகிறது, அதனைச் சொல்பவர் எவ்விடத்தில் நின்று சொல்கிறார் என்பவற்றை அகராதி சொல்வதில்லை. தொல்காப்பியர் தொழிலின் முதனிலைகளை எண்ணுமிடத்துச் செய்வதையும் செயப்படுபொருளையும் தனித்தனியே நிறுத்தினார். தொடக்கப்பள்ளி மாணவனும் எழுவாய், செயப்படுபொருள், பயனிலை எனத் தொடரைப் பிரித்துக் காட்டப் பழகுகிறான். அந்த எளிய பயிற்சியைக் கொண்டே பெரிய வரலாற்று ஆவணங்களையும் ஆராயலாம். தோட்டப் பாட்டாளிகளின் வரலாற்றை ஆங்கில ஏடுகளில் படிப்போர் இடையிடையே எதிர்கொள்ளும் ‘கிரிம்ப்’ என்னும் அரிய வினை அவ்வாறு ஆராயத்தக்கது.

இச்சொல்லுக்கு இன்று வழக்கிலுள்ள பொருள்கள் வேறு. கூந்தலை அலையலையாக மடிப்பதும், துணியின் ஓரத்தைக் கொசுவுவதும், உலோகத் தகட்டின் விளிம்பை அழுத்தி மூடுவதும் ‘கிரிம்ப்’ செய்தலே. ஜொகூர் மாநிலத்தில் ஆயர் ஈத்தாமிலிருந்து பத்து பஹாட் செல்லும் சாலையில், பாரிட் ராஜாவில் துன் உசேன் ஓன் பல்கலைக்கழகம் உள்ளது. தொழில்நுட்பம் பயிலும் மாணவருக்குக் கம்பி நுனியில் செருகியை வைத்து அழுத்தும் வேலையின் பெயராகவே இச்சொல் அறிமுகமாகிறது. அதே சாலையின் இருமருங்கிலும் முன்பு இரப்பர் மரங்கள் நிறைந்திருந்த காலத்தில், தோட்டத் துரைமாரின் கடிதங்களில் இச்சொல் முற்றிலும் வேறான ஒன்றைக் குறித்தது. ஒரு தோட்டத்தின் ஆட்களை இன்னொரு தோட்டத்தார் இழுத்துக்கொள்வதே அது.

இப்பொருள் கடலிலிருந்து கரையேறியது. 17ஆம் நூற்றாண்டிலேயே ‘கிரிம்ப்’ என்பது ஒருவகைத் தரகனைக் குறிக்கும் பெயராக ஆங்கிலத்தில் வழங்கியது. பிற்காலத்தில் கப்பலுக்கும் படைக்கும் ஆள் சேர்த்துக் கொடுப்பவனுக்கு அது பெயராயிற்று. பெயரிலிருந்து வினை பிறந்தது. துறைமுக நகரங்களில் இத்தரகர்கள் விடுதி நடத்தினர். கரையிறங்கிய மாலுமிக்கு உணவும் மதுவும் கடனாகத் தந்து, கடன் முற்றியதும் புறப்படும் கப்பல் ஒன்றில் அவனை ஏற்றிவிட்டு, அவனுடைய முன்பணத்தைத் தாம் வாங்கிக்கொண்டனர். படைக்கு ஆள் பிடிக்கும் விடுதிகளை எதிர்த்து 1794இல் இலண்டனில் மக்கள் கிளர்ந்தெழுந்து அவ்விடுதிகளைத் தாக்கினர். அமெரிக்க மாலுமிகள் இதே செயலுக்குச் சீனத்து நகர்ப்பெயர் ஒன்றையே வினையாக்கி ‘ஷாங்காய்’ செய்தல் என்றனர். ஆகவே இச்சொல்லின் மூலப்பொருளில் மூன்று கூறுகள் உள்ளன. அவை ஏமாற்றப்படும் எளிய மனிதன், அவன் தலையில் ஏறும் கடன், அக்கடனால் பயன்பெறும் தரகன் என்பன. இம்மூன்றையும் மனத்திற் கொண்டால்தான், இச்சொல் தோட்டத்திற்கு வந்தபின் அடைந்த மாற்றம் புலப்படும்.

மாலுமி வழக்கில் பழிக்கப்படுபவன் மாலுமியை வஞ்சித்தவன். இழப்புக்கு உள்ளானவன் மாலுமி. இலங்கை, தென்னிந்தியா, மலாயா ஆகிய இடங்களின் தோட்ட வழக்கிலோ இழப்புக்கு உள்ளானவர் தோட்ட உரிமையாளர் ஆகிவிடுகிறார். அடுத்த தோட்டத்துக் கங்காணி வந்து பத்துப் பேரை ‘கிரிம்ப்’ செய்துவிட்டான் என்று ஒரு மேலாளர் எழுதும்போது, அந்தப் பத்துப் பேருக்கு என்ன தீங்கு நேர்ந்தது என்பது அங்கே கேள்வியே அன்று. அவர்களுக்கு ஒருவேளை நன்மையே நேர்ந்திருக்கலாம். நாளொன்றுக்குச் சில காசு கூடுதலாகக் கிடைத்திருக்கலாம். காய்ச்சல் குறைந்த இடமாகவோ நல்ல தண்ணீர் உள்ள இடமாகவோ புதிய தோட்டம் இருந்திருக்கலாம். ஆயினும் சொல் மாறவில்லை. மாலுமியின் துயரைச் சுட்டப் பிறந்த சொல், முதலாளியின் முறையீட்டுச் சொல்லாகத் தடம் மாறியது. பழியின் வலிமை மட்டும் குறையாமல் உடன்வந்தது.

இது தனியொரு சொல்லின் கதையன்று. தோட்டத்து ஆங்கிலம் பெரும்பாலும் படையிலிருந்தும் கப்பலிலிருந்தும் கடன் வாங்கப்பட்ட மொழி. ஆள் சேர்ப்பதற்குப் படைக்கு ஆளெடுக்கும் சொல்லே பயன்பட்டது. விடியற்காலையில் பெயர் கூப்பிட்டு வேலை பிரித்துக் கொடுக்கும் கூட்டம் படை அணிவகுப்பின் பெயரைப் பெற்றது. ‘பரேட்’ என்னும் அச்சொல்லே தமிழர் நாவில் ‘பெரட்டு’ ஆகி, அது கூடும் இடம் ‘பெரட்டுக்களம்’ ஆயிற்று. பாசறையில் வீரர் தங்கும் வரிசைக் குடில்களுக்குரிய சொல் தோட்டத்தில் தொழிலாளர் வீட்டு வரிசைக்கு வந்தது. அதனைத் தமிழர் ‘லயம்’ என்றனர். குதிரை கட்டும் லாயத்தை நினைவூட்டும் ஒலி அதில் அமைந்தது தற்செயலாக இருக்கலாம். ஆயினும் பொருத்தமற்றதென்று சொல்வதற்கில்லை. சொல்லாமல் தோட்டத்தை விட்டுப் போனவன், படையை விட்டு ஓடிய வீரனுக்குரிய சொல்லாலேயே அறிக்கைகளில் குறிக்கப்பட்டான். படையிலிருந்து ஓடுவது குற்றம். ஒப்பந்தக் காலம் முடிந்தபின்னும் வேறிடத்தில் வேலை தேடிச் செல்வதை அதே சொல்லால் குறித்தமையால், செல்பவன் வாய் திறக்குமுன்பே குற்றவாளியாகிவிட்டான். ஓடியவன் ஒருபுறம், அவனை ஓட்டிச் சென்றவன் மறுபுறம் என இரு சொற்களும் இணைந்து ஒரு செயலின் இரு முகங்களைக் காட்டின. இரண்டிலும் தொழிலாளியின் விருப்பத்திற்கு இடமில்லை.

‘கூலி’ என்ற சொல்லையும் இங்கே ஒப்புநோக்குதல் தகும். அச்சொல் ஆங்கிலத்திற்குச் சென்ற வழி குறித்து அறிஞரிடையே ஒரே கருத்து இல்லை. 1886இல் வெளிவந்த ‘ஹாப்சன்-ஜாப்சன்’ என்னும் சொற்களஞ்சியம் குசராத்துப் பகுதியின் கோலி இனத்தவர் பெயரையும் தமிழ்க் ‘கூலி’யையும் ஒருங்கே ஆராய்கிறது. எவ்வாறாயினும் தமிழில் கூலி என்பது உழைப்புக்குக் கிடைக்கும் ஊதியம், உழைப்பவன் கூலியாள். ஆங்கிலத்தில் ஊதியத்தின் பெயரே ஆளின் பெயராகிவிட்டது. ஊதியமாகவே எண்ணப்பட்ட ஒருவனை யாரேனும் கொண்டுபோனால், அது பணப்பையைக் கொண்டுபோனது போலத் தோன்றுவதில் வியப்பில்லை. ‘கிரிம்ப்’ என்னும் வினை எத்தகைய செயப்படுபொருளை வேண்டி நிற்கிறது என்பதற்கு இதுவே விடை.

மலாயாவின் நிலையைச் சற்று விரித்துக் காண்பது பயன்தரும். தொடக்கத்தில் ஒப்பந்த முறையிலும் பின்னர்ப் பெருமளவில் கங்காணி முறையிலும் தென்னிந்தியத் தமிழர் இங்கே கொண்டுவரப்பட்டனர். கங்காணி தன் ஊருக்கும் சுற்றுவட்டாரத்திற்கும் சென்று ஆள் சேர்த்துவந்தான். வேலைக்கு வந்த தலைகளின் கணக்கில் அவனுக்குத் தரகும் கிடைத்தது. இதற்கான செலவு முழுவதையும் ஒரு தோட்டம் ஏற்க, அருகிலுள்ள மற்றொரு தோட்டம் ஒரு காசும் செலவிடாமல் சற்றே கூடுதல் கூலி தருவதாகச் சொல்லி அதே ஆட்களைப் பெற்றுக்கொள்ள வழியிருந்தது. துரைமாரின் முறையீட்டுக்குக் காரணம் இதுவே. 1907இல் தமிழர் குடியேற்ற நிதி ஏற்படுத்தப்பட்டது. தமிழ்த் தொழிலாளரை வேலைக்கு வைத்திருந்த முதலாளிகள் எல்லாரும், ஆள் சேர்த்தாலும் சேர்க்காவிட்டாலும், அந்நிதிக்கு வரி செலுத்த வேண்டும் என்பது அதன் அடிப்படை. நாகப்பட்டினத்திலும் ஆவடியிலும் இருந்த முகாம்களின் வழியே கப்பலேறியவர்களின் பயணச் செலவு அந்நிதியிலிருந்து கொடுக்கப்பட்டது. ஆளிழுப்பினால் விளையும் இழப்பைப் பொதுவில் பங்கிட்டுக்கொள்ளும் ஏற்பாடாகவும் அது அமைந்தது. 1910இல் இந்தியருக்கான ஒப்பந்தக் கூலிமுறை நிறுத்தப்பட்டது. கங்காணி வழி வந்தவர் ஒரு மாத முன்னறிவிப்புத் தந்து வேலையை விட்டு விலகச் சட்டத்தில் இடமும் இருந்தது.

இவ்விடத்தில்தான் இச்சொல்லின் முரண்பாடு வெளிப்படுகிறது. விலகிச் செல்லத் தொழிலாளிக்குச் சட்டம் உரிமை தந்திருக்கும்போது, அவனை அழைத்துக்கொண்டவன் செய்த குற்றம் யாது? குற்றம் இன்னதென்று சட்டத்தில் தெளிவாகச் சொல்ல இயலாத இடத்திலும், சொல்லே குற்றம் சாட்டிக்கொண்டிருந்தது. தோட்ட முதலாளிகள் கூலியை ஒரே அளவில் வைத்திருக்கத் தமக்குள் ஒப்புக்கொள்வதுண்டு. அவ்வொப்புதலை மீறிக் கூடுதல் கூலி தருபவன் அவர்களுள் ஒருவனே. ஆகவே ‘கிரிம்ப்’ என்பது, நன்கு நோக்கின், முதலாளிகளுக்கிடையே நிகழ்ந்த போட்டியின் பெயர். அதனைத் தொழிலாளி செய்த இரண்டகமாகவும் கங்காணி செய்த களவாகவும் தோன்றச் செய்ததே அச்சொல்லின் பணி.

இலங்கையில் நிலை இன்னும் கடுமையாக இருந்தது. அங்கே ‘துண்டு’ என்னும் தமிழ்ச்சொல்லையே ஆங்கிலேயர் எடுத்தாண்டனர். இன்ன தொகைக் கடனைச் செலுத்தினால் இந்த ஆட்களை விடுவிக்கத் தடையில்லை என்று ஒரு தோட்ட மேலாளர் எழுதித்தரும் சிறு சீட்டே துண்டு. புதிய தோட்டம் அக்கடனைக் கொடுத்து ஆட்களைப் பெறும். கடன் ஆட்களோடு சேர்ந்தே இடம்பெயரும். ஒவ்வொரு மாற்றத்திலும் வளரும். கடனை ஏற்று ஆளை வாங்குவது முறையான நடவடிக்கை என்றும், கடனை ஏற்காமல் ஆளைச் சேர்த்துக்கொள்வது ‘கிரிம்ப்’ என்றும் கருதப்பட்டன. எவ்வளவு விந்தையான பாகுபாடு! மனிதனை விலைக்கு வாங்குவதை ஒத்த செயல் நேர்மையாயிற்று. விலை கொடாது அவனை வரவேற்றல் களவாயிற்று. 1921இல் துண்டு முறை சட்டத்தால் ஒழிக்கப்பட்டது. சென்னை மாகாணத்தில் 1903ஆம் ஆண்டின் தோட்டத் தொழிலாளர் சட்டமும், முன்பணம் பெற்று வேலைக்கு வராதவனைத் தண்டிக்க வழிசெய்த 1859ஆம் ஆண்டின் 13ஆம் சட்டமும் இதே மனப்பான்மையின் வேறு வடிவங்களே.

ஆயர் ஈத்தாம் என்னும் ஊர்ப்பெயர் மலாய் மொழியில் கரிய நீர் எனப் பொருள்படும். அவ்வூர் ஒரு நாற்சந்தி. வடக்கே யோங் பெங், தெற்கே சிம்பாங் ரெங்கம், மேற்கே பத்து பஹாட், கிழக்கே குளுவாங் என நான்கு திசைகளுக்கும் அங்கிருந்து சாலை பிரிகிறது. குளுவாங்கில் 1909 முதல் இரயில் ஓடியது. 1994இல் வடக்கு-தெற்கு நெடுஞ்சாலை முழுமை பெறும்வரை கோலாலம்பூருக்கும் ஜொகூர் பாருவுக்கும் இடையே சென்ற பேருந்துகளும் லாரிகளும் இச்சந்தியில் நின்று போயின; மண்பாண்டக் கடைகள் அவ்வாறு நின்றவர்களால் பெயர் பெற்றன. ஜொகூர் அந்நாளில் கூட்டு மலாய் மாநிலங்களில் சேராத தனி அரசு என்பதும் நினைவிற் கொள்ளத்தக்கது. நெகிரி செம்பிலானிலிருந்தோ மலாக்காவிலிருந்தோ ஒரு தொழிலாளி இங்கு வந்தால், அவன் ஓர் ஆட்சியிலிருந்து மற்றோர் ஆட்சிக்கே வந்துவிட்டான். இத்தகைய சந்தியில் தகரப் பெட்டியும் துணிமூட்டையுமாக நிற்கும் ஒரு குடும்பத்தை எண்ணிப் பார்த்தால் இவ்வினையின் இரு நோக்குகளும் விளங்கும். தோட்ட அலுவலகப் பதிவேட்டில் அவர்கள் இழக்கப்பட்டவர்கள். அவர்களுடைய கண்ணிலோ நான்கு சாலைகள் உள்ளன. எதில் செல்வது என்பதே அவர்களின் கவலை.

அக்குடும்பத்தின் தமிழில் அச்செயலுக்குப் பெயர் என்ன? ‘தோட்டம் மாறினோம்’ என்பர். ‘அந்தத் தோட்டத்துக்குப் போய்விட்டோம்’ என்பர். இவையெல்லாம் தன்வினைகள். எழுவாய் அவர்களே. மாறுதலும் போதலும் அவர்கள் செய்தவை. ஒரே நிகழ்ச்சி ஆங்கிலத்தில் செயப்படுபொருளை வேண்டும் வினையாகவும், தமிழில் செயப்படுபொருள் குன்றிய வினையாகவும் பதிவாகிறது. இலக்கண வகுப்பில் குன்றிய வினை, குன்றா வினை என்று பிரித்துக் காட்டும் ஆசிரியருக்கு இதைவிடச் சிறந்த எடுத்துக்காட்டு அமைவது அரிது. குன்றா வினை மனிதனைப் பொருளாக்குகிறது. குன்றிய வினை அவனைச் செய்வோனாக்குகிறது.

ஆகவே இச்சொல்லைத் தமிழில் பெயர்ப்பது எளிதன்று. ‘ஆட்களைக் கடத்துதல்’ என எழுதினால், ஆங்கில ஏட்டின் பழியைத் தமிழ் தானும் சுமந்துகொள்கிறது. ‘ஆட்கவர்தல்’ என்பது செவிக்கு இனிமையாக இருக்கிறது; ஆயினும் அதில் வேறோர் இடர் உண்டு. கவர்தல் என்றதும் தமிழ் மாணவர் நெஞ்சில் எழுவது வெட்சித்திணை. பகைவர் நாட்டு ஆநிரையை மறவர் கவர்ந்துவருவதும் உடையோர் அதனை மீட்பதும் தொல்காப்பியத்தில் வெட்சியின்பாற்படும். புறப்பொருள் வெண்பாமாலை மீட்டலைக் கரந்தை எனத் தனித்திணையாக வகுக்கும். துரைமார் இரவோடிரவாகப் பிற தோட்டத்து ஆட்களை இழுத்ததும், இழந்தவர் மேலிடத்திற்கு முறையிட்டு மீட்க முயன்றதும் வெட்சி கரந்தைப் போர்களை ஓரளவு ஒத்தனவே. ஆனால் இவ்வுவமையை ஏற்றுக்கொண்டால் தொழிலாளி ஆநிரை ஆகிவிடுகிறான். மாட்டுக்கு எந்தத் தொழு என்ற தெரிவு இல்லை. துரைமாரின் நோக்கை விளக்குமிடத்து இவ்வுவமை பொருந்தும். மொழிபெயர்ப்பாளரின் சொந்தச் சொல்லாக அது நிற்றல் தகாது.

மக்கள் வழக்கில் ‘ஆள் பிடித்தல்’ என்பதும் ‘ஆள் கட்டுதல்’ என்பதும் உண்டு. ஆள் கட்டுதல் என்பது இலங்கை மலையகத் தமிழரின் வாய்மொழிப் பாடல்களில் பயின்று வருகிறது. ஊரிலிருந்து ஆள் திரட்டும் கங்காணியின் செயலை அது குறிக்கும். கட்டுதல் என்னும் வினையில் மூட்டை கட்டுதலும் மாடு கட்டுதலும் ஒலிக்கின்றன. அப்பாடலைப் பாடியவர்கள் அதனை அறியாமலா பாடினார்கள்? இங்கே ஒரு நுட்பம் உண்டு. தமிழர் இவ்விரு சொற்களையும் ஊரிலிருந்து தோட்டத்திற்கு ஆளைக் கொண்டுவரும் செயலுக்கே பெரிதும் ஆண்டனர். ஆங்கிலேயர் அதனை முறையான ஆள்சேர்ப்பு என்றனர். ஒரு தோட்டத்திலிருந்து மற்றொன்றுக்கு ஆள் செல்வதை அவர்கள் ‘கிரிம்ப்’ என, தமிழர் அதனை மாறுதல் என்றே சொன்னார்கள். பிடிப்பது எது, போவது எது என்பதில் இரு மொழியாரும் நேர்மாறாக நின்றனர். கடன், தரகன், ஏமாற்றப்படும் எளியவன் என்னும் மூன்று கூறுகளும் எங்கே முழுமையாக அமைந்துள்ளன என்று பார்த்தால், அவை திருச்சி, தஞ்சாவூர், சேலம் மாவட்டங்களின் சிற்றூர்களில் நடந்த முதல் ஆள்சேர்ப்பில்தான் உள்ளன. மாலுமி வழக்கின் மூலப்பொருளுக்கு உண்மையாக நின்றது தமிழரின் சொல்லாட்சியே.

எனினும் தோட்டம் மாறுதல் யாவும் விடுதலை என்று முடிவுகட்டுதலும் பொருந்தாது. அடுத்த தோட்டத்துக் கங்காணி அவிழ்த்துவிட்ட ஆசை வார்த்தைகளில் பொய்யும் கலந்திருந்தது. முன்பணம் என்று கையில் வைத்த வெள்ளி பின்னர்க் கடனாக எழுந்து கழுத்தை நெரித்ததுண்டு. சொன்ன கூலி கிடைக்காமல் போனதுண்டு. தலைக்கணக்கில் தரகு பெறுபவன் அறம் பார்த்து அழைக்கவில்லை. ஆகவே கூடுதல் கூலியைக் கேட்டறிந்து விரும்பிச் சென்றவன் ஒருவன். பொய்யை நம்பிச் சென்று அகப்பட்டவன் மற்றொருவன். இவ்விருவரையும் ஒரே சொல்லுக்குள் அடைத்ததுதான் ‘கிரிம்ப்’ என்னும் வினை செய்த பெருந்தீங்கு. உண்மையில் வஞ்சிக்கப்பட்டவனின் துயர், முதலாளியின் நட்டக் கணக்குக்குள் மறைந்துபோயிற்று. தமிழில் பெயர்ப்போர் இடம் நோக்கி இரண்டாகப் பிரித்தலே முறை. கூலிப் போட்டியைக் குறிக்குமிடத்து ‘ஆள் இழுத்தல்’ என்றும், வஞ்சகத்தைக் குறிக்குமிடத்து ‘ஏமாற்றி ஆள் பிடித்தல்’ என்றும் எழுதலாம். ஒரு சொல்லுக்கு ஒரு சொல்லே வேண்டுமென்னும் பிடிவாதம் கலைச்சொல்லாக்கத்தில் நன்று. வரலாற்றில் அது பொய்க்குத் துணைபோகும்.

படைப்பிலக்கியம் இவ்வேறுபாட்டை எவ்வாறு கையாண்டது என்பது அடுத்து எண்ணத்தக்கது. புதுமைப்பித்தனின் ‘துன்பக் கேணி’ 1935இல் ‘மணிக்கொடி’யில் வெளிவந்தது. ஊரிலிருந்து இலங்கைத் தேயிலைத் தோட்டத்திற்கு ஆள் கொண்டுபோகப்படும் கொடுமையைத் தமிழ்ப் புனைகதையில் ஆழமாகப் பதித்த படைப்பு அது. மலேசிய மண்ணில் கா. பெருமாளின் ‘துயரப் பாதை’ தோட்டத் தமிழரின் தொடக்ககால அல்லல்களை நாவலாக்கியது. அகிலன் 1970களில் மலேசியா வந்து சென்றபின் எழுதிய ‘பால்மரக் காட்டினிலே’ தமிழ்நாட்டு வாசகருக்கு இரப்பர்த் தோட்ட வாழ்வை அறிமுகம் செய்தது. இத்தகைய படைப்புகளில் வருகையின் துயரம் வலுவாக அமைந்துள்ளது. தோட்டத்தை விட்டுப் போகும் தமிழன் மட்டும் பெரும்பாலும் துரத்தப்பட்டவனாகவோ, விதியால் அலைக்கழிக்கப்பட்டவனாகவோதான் தோட்டப் புனைகதையில் வருகிறான். கணக்குப் பார்த்து, மனைவியோடு கலந்து பேசி, அடுத்த தோட்டத்து மரம் இளமரமா முதுமரமா என்று விசாரித்து, பின்னர் முடிவெடுத்துப் புறப்படும் தமிழனைக் காண்பது அரிதாக உள்ளது. துன்பத்தைக் காட்டும் ஆர்வத்தில் எழுத்தாளர், தம்மை அறியாமலேயே, பாட்டாளியைச் செயப்படுபொருளாக வைக்கும் துரைமார் இலக்கணத்திற்கு இணங்கிவிடுகின்றனர். இது குறையென்று சுட்டப்படுவது அப்படைப்புகளின் பெருமையைக் குறைப்பதற்கன்று. இனி எழுதவேண்டிய கதை ஒன்று எஞ்சியிருக்கிறது என்பதற்காகவே.

மாலுமி வழக்கின் முழுப்பொருளும் மலாயாத் தமிழர்மீது நேரடியாக இறங்கிய காலம் ஒன்று உண்டு. 1942இலும் 1943இலும் சயாம்-பர்மா இரயில்பாதைக்கு சப்பானியர் தோட்டங்களிலிருந்து ஆள் திரட்டினர். முதலில் நல்ல கூலியும் உணவும் தருவதாகச் சொல்லி அழைத்தனர். பின்னர் வலிந்து பிடித்தனர். சென்றவர்களில் பல்லாயிரவர் மீளவில்லை. தோட்டத்து முதியோர் அதனைச் சொல்லும்போது ‘சயாமுக்குப் பிடித்துக்கொண்டு போனார்கள்’ என்றே சொன்னார்கள். இங்கே தமிழ் வினையும் குன்றா வினையாகிவிட்டதைக் காணலாம். மாறினோம், போனோம் என்று பேசிய அதே வாய், இந்த ஓரிடத்தில் தம் மக்களைச் செயப்படுபொருளாக்கிப் பேசியது. எது தெரிவு, எது வன்முறை என்பதைப் பள்ளியில் பயிலாத பாட்டாளியின் நாக்கு பிழையின்றிப் பிரித்தறிந்தது. ஆர். சண்முகத்தின் ‘சயாம் மரண ரயில்’ (1993), அ. ரெங்கசாமியின் ‘நினைவுச் சின்னம்’ (2005) ஆகிய நாவல்கள் அவ்வரலாற்றைத் தமிழில் நிலைநிறுத்தின. அவற்றை வகுப்பில் பாடமாக எடுப்போர், அழைத்தல் எந்த இடத்தில் பிடித்தலாக மாறுகிறது என்று வினைகளைக் குறித்துவரச் சொன்னால் மாணவருக்குக் கதையின் உயிர்நிலை அகப்படும்.

‘கிரிம்ப்’ என்னும் சொல்லுக்கோ இரப்பர் விலையே உயிர்மூச்சாக இருந்தது. 1910ஆம் ஆண்டு வாக்கில் விலை உச்சத்தில் நின்றபோது ஆள் தட்டுப்பாடும் ஆளிழுப்பும் பெரும் பேச்சாயின. 1930இல் உலகப் பொருளாதாரம் சரிந்தபோது எவரும் எவருடைய ஆளையும் இழுக்கவில்லை. தோட்டங்கள் ஆட்குறைப்புச் செய்தன. தமிழர் கப்பல் கப்பலாகத் தென்னாட்டுக்குத் திருப்பி அனுப்பப்பட்டனர். களவாடத் தகுந்த செல்வமாக நேற்றுவரை எண்ணப்பட்டவர்கள் ஒரே ஆண்டில் சுமையானார்கள். ஆளை ஏமாற்றி அழைத்துச் செல்வதற்குக் கடுஞ்சொல் வைத்திருந்த தோட்டத்து ஆங்கிலம், அழைத்துவந்த ஆளைக் கைவிடுவதற்கு அத்தகைய கடுஞ்சொல் ஒன்றையும் வைத்திருக்கவில்லை. ஊருக்குத் திரும்ப அனுப்புதல் என்னும் மென்சொல்லே அதற்குப் போதுமாயிற்று. 1938இல் இந்திய அரசு பயண உதவியுடன் கூடிய தொழிலாளர் குடியேற்றத்தைத் தடைசெய்ததும் கங்காணியின் ஆள்சேர்ப்பும் முடிவுற்றது. இச்சொல்லும் மெல்ல மெல்ல ஏடுகளுக்குள் ஒடுங்கி, இன்று தொழிலாளர் வரலாறு பயில்வோர் மட்டுமே அறிந்த அருஞ்சொல்லாகிவிட்டது.

சொல் ஒடுங்கினாலும் அதன் இலக்கணம் ஒடுங்கவில்லை. ஆயர் ஈத்தாம் வட்டாரத்தில் இரப்பர் நின்ற பல இடங்களில் இன்று செம்பனை நிற்கிறது. நாட்டின் செம்பனைக் காடுகளில் குலை வெட்டுவோருள் இந்தோனேசியரும் வங்கதேசத்தவரும் நேப்பாளியரும் மிகுதி. வேலை உரிமச்சீட்டு ஒரு முதலாளியின் பெயரோடு பிணைக்கப்பட்டிருக்கும் நிலையில், அவர்களில் ஒருவன் வேறோர் இடத்தில் கூடுதல் ஊதியம் கேள்விப்பட்டுச் சென்றுவிட்டால், ‘லாரி’ என்னும் மலாய்ச் சொல்லால் அவன் ஓடிப்போனவனாகக் குறிக்கப்படுகிறான். அதே செய்தியைச் சொல்ல நேரும் தமிழரும் ‘ஓடிவிட்டான்’ என்கின்றனர். அவனுடைய தாய்மொழியில் அவன் தன் வீட்டாருக்குத் தொலைபேசியில் சொல்லும்போது எந்த வினையைப் பயன்படுத்துகிறான் என்பதை, தோட்டம் மாறினோம் என்று சொன்னவர்களின் பேரர்கள் கேட்டறிய முயலலாம்.